பதினைந்து கல்லும் ஒரு வாளித் தண்ணீரும்

மகள் ரொறன்ரோவுக்கு வெளியே ஸ்ரௌவ்வில்லில் வாங்கியிருக்கும் புது வீட்டின் வாசலில் இரண்டு தூண்கள் நிற்கின்றன. குடிபூரலுக்கு வந்த சனமெல்லாம் அந்தத் தூண்களைத்தான் முதலில் புகழ்ந்தது. "அரண்மனை மாதிரி" என்றார் ஒருவர். நான் விரலை மடக்கி ஒருதரம் தட்டிப் பார்த்தேன். உள்ளே ஒன்றுமில்லை. ரிஜிஃபோம் என்கிற நுரைக்கட்டி, அதற்கு மேல் ஒரு பூச்சு. அந்தத் தூண் கூரையைத் தாங்கவில்லை. கூரைதான் தூணைப் பிடித்துக்கொண்டு நிற்கிறது.

"அப்பா, ஆக்களுக்கு முன்னாலை தட்டிக்கொண்டு நிக்காதேங்கோ," என்றாள் மகள்.

நான் தட்டாமல் வேறு யார் தட்டுவது? இந்த நகரத்தில் உண்மையான கல் வளைவைக் கையால் எழுப்பிய தமிழன் யார் என்று கேட்டால் என்னைத்தான் காட்ட வேண்டும். வேறு ஒருவர் இருந்தால் கூட்டிக்கொண்டு வாருங்கள், பார்ப்போம். கட்டட வேலை செய்யும் எங்கள் பெடியள் ஒரு சிறப்பு மலர் போடுகிறார்களாம். "அண்ணை, நீங்கள்தான் மூத்த ஆள், அனுபவத்தை எழுதித் தாங்கோ" என்று வந்து கேட்டார்கள். சரியான இடத்துக்குத்தான் வந்திருக்கிறார்கள்.

நான் ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன். பதினொரு வயதில் சாந்து குழைத்தேன், பதினாறில் சுவர் கட்டினேன், முப்பதில் கொழும்பில் எனக்குக் கீழே பன்னிரண்டு பேர் வேலை செய்தார்கள். எஞ்சினியர்மார் கொண்டுவரும் பிளானை ஒருமுறை பார்த்தாலே எந்த மூலை வெடிக்கும் என்று சொல்லுவேன். எண்பத்து மூன்று ஆடிக் கலவரத்தில் அதெல்லாம் ஒரே நாளில் முடிந்தது. மனைவி பரமேஸ்வரியையும் ஒரு வயது மகளையும் ஊரில் விட்டுவிட்டு, அந்த வருஷக் கடைசியில் ரொறன்ரோவில் இறங்கினேன்.

முதல் குளிர்காலம் ஒரு சாப்பாட்டுக் கடையில் கோப்பை கழுவினேன். ஸ்காபரோவில் ஒரு அப்பார்ட்மென்ற்றில் நாலுபேர் இருந்தோம். நாலுபேருக்கும் நாலு நேர வேலை. ஒருவன் வரும்போது மற்றவன் போவான். என்னோடு ஒரே அறையில் படுத்த நவத்தின் முகத்தைவிட அவனுடைய போர்வையைத்தான் நான் கூடப் பார்த்திருக்கிறேன். பரமேஸ்வரியின் கடிதம் வர ஒரு மாதம், சிலவேளை இரண்டு மாதம். அவள் "காய்ச்சல்" என்று எழுதியதை நான் படிக்கும்போது அந்தக் காய்ச்சல் மாறியிருக்கும், இல்லாவிட்டால் வேறு ஏதும் வந்திருக்கும். பதில் எழுதுவதில் என்ன பிரயோசனம் என்று நினைத்தபடியே பதில் எழுதுவேன்.

ஸ்நோ கரைந்த பிறகு ஒருநாள், நகரத்துக்குள்ளே தண்டவாளத்தில் ஸ்ரீட்கார் ஓடும் தெரு ஒன்றில் நடந்துகொண்டிருந்தேன். ஒரு பழைய வங்கிக் கட்டடம். முன்னுக்கு நாலு பெரிய தூண், அவற்றுக்குப் பின்னால் வாசலுக்கு மேல் ஒரு கல் வளைவு. சாரம் கட்டி வேலை நடந்தது. கடதாசியை மடித்துத் தொப்பி போட்ட ஒரு கிழவர் கல்லை வைத்து, சாந்தகப்பையின் பிடியால் தட்டி, காதைக் கிட்டக் கொண்டுபோய்க் கேட்டார். நான் அப்படியே நின்றுவிட்டேன். அந்த ஊருக்கு வந்து நாலைந்து மாதத்தில் எனக்கு விளங்கிய முதல் காரியம் அதுதான்.

அடுத்த நாளும் போய் நின்றேன். கிழவர் கையைக் காட்டிக் கூப்பிட்டு, ஒரு கல்லைக் காட்டி, சாந்தகப்பையைத் தந்தார். வைத்தேன். தட்டிப் பார்த்துவிட்டுக் கல்லைக் கழற்றினார். திரும்ப வைத்தேன். திரும்பக் கழற்றினார். மூன்றாம் தரம் வைத்தபோது ஒரு பேப்பர்த் தாளை எடுத்து மடித்து, ஒரு தொப்பி செய்து என் தலையில் வைத்தார். வேலை கிடைத்தது அப்படித்தான்.

அவர் பெயர் தொனாத்தோ. இத்தாலிக்காரர், ரோமாபுரியில் இருந்து இரண்டு மணி நேரம் போனால் வருகிற மலைக் கிராமம். எல்லாரும் "மாஸ்த்ரோ" என்று கூப்பிடுவார்கள், தொழிலில் ஆசான் என்று அர்த்தம், நானும் அப்படியே கூப்பிட்டேன். அவருடைய ஆங்கிலத்தையும் என்னுடைய ஆங்கிலத்தையும் ஒன்றாகச் சேர்த்தாலும் ஒரு முழு ஆங்கிலம் வராது. அதனால் அவர் சொன்னதையெல்லாம் இங்கே எங்கள் பேச்சுத் தமிழிலேயே எழுதுகிறேன்.

காலை ஏழு மணிக்கு அவர் செய்யும் முதல் வேலை, அன்றைய பேப்பரில் தொப்பி மடிப்பது. படிப்பதில்லை. சத்தம் போடமாட்டார். நல்லது என்றும் சொல்லமாட்டார். பிழை என்றால் கழற்றுவார், சரி என்றால் அடுத்த கல்லுக்குப் போவார். பின்னேரம் சாந்தகப்பையைக் கழுவி, ஈரம் துடைத்து, கைப்பிடிக்கும் கொஞ்சம் எண்ணெய் பூசி வைப்பார். மத்தியானம் என் மிளகாய்ப் பொரியலில் பாதியை எடுத்துக்கொண்டு தன் ஒலிவ் காயில் பாதியைத் தருவார். எதற்கு எது சமம் என்று இரண்டு பேரும் கேட்டதில்லை.

சாப்பிட்ட பிறகு அந்தத் தெருவை எனக்குக் காட்டுவார். ஒரு வங்கி, அதற்கு எதிரே இன்னொரு வங்கி, கொஞ்சம் தள்ளி நீதிமன்றம், அங்காலே ரயில் நிலையம். எல்லாவற்றுக்கும் தூண், வளைவு, குவிந்த கூரை.

"பார். எங்கடை ராசாமார் செத்து எத்தனை காலம். இண்டைக்கும் காசு வைக்கிற இடத்துக்கும் தீர்ப்புச் சொல்லுற இடத்துக்கும் அவங்கடை உடுப்பைத்தான் போடுறாங்கள்."

"எங்கடை ஊரிலையும் அரசாங்கக் கச்சேரிக்கு உப்பிடித் தூண் இருக்கு. வெள்ளைக்காரன் கட்டினது," என்றேன்.

"அவன் எங்களிட்டைத்தான் களவெடுத்தவன்," என்றார். "ஆனால் இந்தத் தூணெல்லாம் வெயிலுக்குச் செய்தது. நிழலுக்கு நிக்க வேணும். இஞ்சை வந்து ஸ்நோவுக்கை நிக்குது, உன்னை மாதிரி, கோட்டுப் போடாமல்."

அவருடைய கிராமத்தில் ரோமர் காலத்துப் பாலம் ஒன்று இருக்கிறதாம். அதற்கு மேலால் இப்போதும் திராட்சை ஏற்றிய ட்ரக்ரர் போகுமாம். கல்லுக்கும் கல்லுக்கும் நடுவில் சாந்தே இல்லையாம். எனக்கு நம்ப முடியவில்லை. கல்லெல்லாம் எப்படி நிற்கும் என்று கேட்டேன். "கல்லுக்கு விழத்தான் விருப்பம். எல்லாக் கல்லும் ஒரே நேரத்திலை விழப் பாத்தால் ஒண்டும் விழாது," என்றார். நான் எத்தனையோ எஞ்சினியர்மாரைக் கண்டவன். இவ்வளவு சுருக்கமாய் ஒருவரும் எனக்குச் சொன்னதில்லை.

எங்கள் வேலை அந்த வாசல் வளைவுதான். வருஷக்கணக்காக உப்பும் பனியும் தின்று அதன் கற்கள் இளகிவிட்டன. வங்கிக்காரர் வைத்திருந்த எஞ்சினியர் ஒரு வெள்ளைக்காரர், முப்பது வயதிருக்கும், நல்ல மனுசன். வளைவைக் கழற்றிப் போட்டுவிட்டு இரும்பு உத்தரம் ஒன்றை வைத்து, அதில் கல்லைத் தகடு தகடாக அறுத்து ஒட்டலாம் என்பது அவர் கட்சி. மாஸ்த்ரோ விடவில்லை. பழையபடியே கட்டித் தருகிறேன் என்று நின்றார். கடைசியில் ஒரு நிபந்தனையோடு ஒத்துக்கொண்டார்கள். வளைவைத் தாங்கும் மரச்சட்டத்தை இறக்கும் நாளில் வெடிப்பு ஓடினால் இரும்புதான் வரும். அன்றைக்கே நாங்கள் சாமானைக் கட்டிக்கொண்டு போகவேண்டும். வளைவு நின்றால் நாங்களும் நிற்போம்.

முதலில் தச்சர்மார் அரைவட்டமாக ஒரு மரச்சட்டம் செய்து வாசலில் நிறுத்தினார்கள். அதன் கால்களுக்குக் கீழே சோடி சோடியாக மர ஆப்பு. கல் எல்லாம் அந்தச் சட்டத்தின் முதுகில்தான் ஏறும். மொத்தம் பதினைந்து கல். பத்துப் பழையது, ஐந்து புதிதாக வெட்டியது. இந்தப் பக்கம் ஒன்று வைத்தால் உடனே அந்தப் பக்கமும் ஒன்று வைக்கவேண்டும், இல்லாவிட்டால் சட்டம் ஒரு பக்கம் சாயும். இடது பக்கம் நான், வலது பக்கம் மாஸ்த்ரோ. ஒரு கல்லை வைத்துத் தட்டி, தலையை நிமிர்த்தி அவரைப் பார்ப்பேன். அவரும் அதே நேரம் நிமிர்ந்து என்னைப் பார்ப்பார். ஒவ்வொரு கல்லுக்கும் இரண்டு பேரும் கொஞ்சம் கிட்ட வருவோம். அந்த ஊரில் ஒருவரும் எனக்குக் கிட்ட வராத காலத்தில் அது எனக்குப் பெரிய விஷயம்.

சாந்தில் சீமெந்து கிடையாது. சுண்ணாம்பும் மணலும் மட்டும். சீமெந்து இறுகிப்போகும், கல் அசைந்தால் கல்லைத்தான் வெடிக்க வைக்கும், சுண்ணாம்பு கொஞ்சம் விட்டுக்கொடுக்கும் என்பார் மாஸ்த்ரோ.

ஒக்ரோபர் கடைசியில் உச்சிக்கல்லை அதன் இடத்தில் இறக்கினோம். இரண்டு பேரின் கையும் அதில் இருந்தது. அன்றைக்கு ஊரிலிருந்து வந்தது போல ஒரு வெயில், நல்ல காற்று. நாலு மணிக்கு மாஸ்த்ரோ வளைவைக் காய்ந்த சாக்கால் மூடி, மேலே மழை புகாத படங்கைக் கட்டச் சொல்லிவிட்டு வீட்டுக்குப் போனார்.

நான் போகவில்லை. எனக்கு ஒரு குறை தெரிந்தது. எங்கள் ஊரில் புதுக் கட்டுவேலைக்குத் தண்ணீர் விடாமல் ஒரு மேசன் வீட்டுக்குப் போனால் அவனை ஒருவரும் மேசன் என்று சொல்லமாட்டார்கள். காலையும் மாலையும், ஏழு நாளுக்கு, பிள்ளைக்கு வார்ப்பது போல வார்க்க வேண்டும். இல்லாவிட்டால் வெயிலும் காற்றும் சாந்தின் ஈரத்தைக் குடித்துவிடும். இந்தக் காற்றில் சாக்குக் காய்ந்து கிடக்கிறதே, கிழவருக்கு வயது போய்விட்டது, மறந்துவிட்டார் என்று நினைத்தேன். உண்மையைச் சொன்னால் சந்தோஷமாகவும் இருந்தது. ரோமாபுரிக்காரனுக்கு நான் வேலை பழக்கப் போகிறேன். படங்கை அவிழ்த்து, வாளி வாளியாக ஏற்றிச் சாக்கு எல்லாவற்றையும் நனைத்து, திரும்பக் கட்டிவிட்டுப் போனேன். வீட்டில் பரமேஸ்வரிக்கு ஒரு கடிதம் எழுதினேன். "இங்கே ஒரு பெரிய வங்கியின் வாசலை நான்தான் கட்டினேன்" என்று.

விடியப் போகும்போது நடைபாதை ஓரத்துப் புல்லெல்லாம் உறைபனியில் வெள்ளையாக நின்றது. படங்கை அவிழ்த்தேன். சாக்கு, கருவாடு மாதிரி விறைத்திருந்தது. உரித்தெடுத்தபோது கல்லின் இடுக்குகளில் இருந்த சாந்து அதோடு சேர்ந்து வந்தது. விரலால் தொட்டேன், அரிசிமா மாதிரிக் கொட்டியது. ஈரத்துக்குள் பனி பிடித்தால் சாந்து உள்ளேயே வெடித்துப்போகும் என்று எனக்கு யார் சொன்னார்கள்? எனக்குத்தான் ஒருவரும் பாடம் எடுக்கவில்லையே. சாக்கை எல்லாம் ஓடிப்போய் ஒளித்தேன். கொட்டிய தூளைக் காலால் தள்ளினேன்.

மாஸ்த்ரோ வந்தார். பெருவிரல் நகத்தை இடுக்கில் வைத்தார். இறங்கியது. பேனாக்கத்தியை வைத்தார். இரண்டு அங்குலம் போய்த்தான் நின்றது. பிறகு கீழே பார்த்தார். நான் மறந்து விட்டுவிட்டுப் போன வாளி, சாரத்தின் காலடியில். அதற்குள் வட்டமாக ஒரு ஐஸ் தட்டு. அவர் அதை வெளியே எடுத்து, இரண்டு கையாலும் பிடித்து, வெளிச்சத்தில் பார்த்துவிட்டுச் சுவரோடு சாத்தி வைத்தார். ஒருவரையும் ஒன்றும் கேட்கவில்லை. நானும் ஒன்றும் சொல்லவில்லை.

அதற்குப் பிறகு பதினொரு வேலைநாள். வளைவைச் சுற்றிப் படங்கால் கூடாரம் அடித்து, எண்ணெய் அடுப்பு ஒன்றை எரிய வைத்து, கெட்ட சாந்தை எல்லாம் சுரண்டி எடுத்தோம். வாள் அலகால், சின்ன உளியால், கடைசியில் பல்லுத் தேய்க்கும் பிரஷ்ஷால். பழைய செங்கட்டியை இடித்து அரித்து, அந்தத் தூளைச் சுண்ணாம்போடு சேர்த்தார் மாஸ்த்ரோ. ரோமர் ஈரமான இடத்துக்கு அப்படித்தான் செய்வார்களாம். அதைக்கூட என்னிடம் சொல்லவில்லை, கல் சுமக்கும் ஆளிடம் சொன்னதை நான் கேட்டேன். இடது பக்கம் நான், வலது பக்கம் அவர். நான் தலையை நிமிர்த்துவேன், அவர் நிமிர்த்தமாட்டார். மத்தியானம் என் மிளகாய்ப் பொரியல் முழுதாக வீட்டுக்குத் திரும்பி வந்தது.

"என்னண்ணை," என்றான் நவம் ஒருநாள், காலில் சப்பாத்தைப் போட்டுக்கொண்டே. "முந்தி வாய் ஓயாமல் சொல்லுவியள். உங்கடை ரோமாபுரி இடிஞ்சு விழுந்திட்டுதோ?"

"உன்ரை வேலையைப் பார்."

"விழுந்தால் சொல்லுங்கோ. எங்கடை கடையிலை கோப்பை கழுவ ஆள் தேடுகினம்." சிரித்துக்கொண்டு போய்விட்டான். அவன் போன பிறகு அந்த அறையில் அடுப்படிக் குழாய் சொட்டும் சத்தம் மட்டும் கேட்டது. பரமேஸ்வரிக்கு எழுத இருந்தேன். "எல்லாம் நல்லம்" என்ற இரண்டு சொல்லுக்கு மேல் ஒன்றும் வரவில்லை. ஆயிரக்கணக்கான மைலுக்கு அங்கால் இருப்பவளுக்குச் சாந்து உதிர்ந்த கதையை எப்படிச் சொல்வது? பக்கத்தில் நிற்பவருக்கே சொல்ல முடியவில்லை.

சட்டம் இறக்கும் நாள் வந்தது. எஞ்சினியர் வந்து தெருப்பக்கம் நின்றார். மாஸ்த்ரோ முதல்நாளே ஒவ்வொரு இடுக்கிற்கும் குறுக்கே மெல்லிய கண்ணாடித் துண்டு ஒட்டி வைத்திருந்தார். கல் ஒரு மயிரளவு நகர்ந்தாலும் கண்ணாடி உடையும், சத்தம் கேட்கும். எல்லாரையும் வெளியே போகச் சொன்னார். நான் போகவில்லை. வளைவுக்குக் கீழே போய் நின்றேன். விழுந்தால் என் தலையில் விழட்டும் என்றுதான்.

மாஸ்த்ரோ என் கையைப் பிடித்து வெளியே இழுத்தார். பதினொரு நாளுக்குப் பிறகு பேசிய முதல் கதை அது. "விழுந்தால் உன்ரை மனுசிக்கு ஆர் எழுதுறது? எனக்கு விலாசம் தெரியாது."

அவர் குனிந்து ஆப்புகளைத் தட்டத் தொடங்கினார். ஒவ்வொன்றுக்கும் ஒரு அடி, சட்டம் ஒரு நெல்மணி அளவு இறங்கும். ஒரு சுற்று முடிந்ததும் நின்று கேட்டார். ஒன்றுமில்லை. இரண்டாம் சுற்று. ஒன்றுமில்லை. மூன்றாம் சுற்றின் நடுவில், டிக் என்று ஒரு சத்தம். இடது பக்கம், கீழேயிருந்து நாலாவது இடுக்கு. என் பக்கம்.

எஞ்சினியர் பேனையைத் திறந்தார். எனக்குள் ஏதோ கழன்றது. "மாஸ்த்ரோ, தண்ணி ஊத்தினது நான்," என்றேன். ஆங்கிலத்தில்தான் சொன்னேன், எல்லாருக்கும் கேட்கும்படி சொன்னேன்.

எஞ்சினியர் என்னையும் பார்த்தார், அவரையும் பார்த்தார். "ஆனால் அது உங்களுடைய பிழை என்று அன்றைக்கே வந்து சொன்னீர்களே?" என்று அவரிடம் கேட்டார். அப்போதுதான் எனக்குத் தெரிந்தது. ஐஸ் தட்டைச் சுவரில் சாத்திய அன்றைக்கே கிழவர் போய்ப் பழியைத் தன் தலையில் போட்டுக்கொண்டிருக்கிறார்.

மாஸ்த்ரோ திரும்பவில்லை. "கதையாதை," என்றார் என்னிடம். "கண்ணாடியைக் கேள்."

கேட்டோம். ஒரு மணித்தியாலம். ஸ்ரீட்கார் போனது, வந்தது, மணி அடித்தது. இன்னொரு கண்ணாடி உடையவில்லை. கல் தன் இடத்தில் இருந்துகொண்டது. மிச்ச ஆப்புகளையும் தட்டினார். பிறகு தலையிலிருந்த தொப்பியை எடுத்து, மடிப்பை ஒவ்வொன்றாக விரித்து, பேப்பர்த் தாளாக்கி, அந்தத் தாளை மரச்சட்டத்துக்கும் கல்லுக்கும் நடுவில் செருகினார். ஒரு முனையால் போய் மறுமுனையால் வந்தது. வளைவு மரத்தில் இருக்கவில்லை. தன் பாட்டில் நின்றது. எஞ்சினியர் பேனையை மூடினார்.

மத்தியானம் மாஸ்த்ரோ தானாகவே வந்து என் பக்கத்தில் இருந்தார். மிளகாயை எடுத்தார்.

"ஏன் தண்ணி விட்டனி?"

"எங்கடை ஊரிலை வெயில் சாந்தின்ரை ஈரத்தைக் குடிச்சிடும். ஏழு நாள் விட வேணும்."

"என்ரை அப்பாவும் விடுவார். ஓகஸ்ட் மாதத்திலை." கொஞ்ச நேரம் மென்றார். "வேலை சரி. மாதம் பிழை. உங்கடை ஊரிலை என்ன செய்வாய் எண்டு நான் ஒருநாளும் கேக்கேல்லை. அது என்ரை பிழைதானே."

"தெரிஞ்சுகொண்டு ஏன் இவ்வளவு நாளும் கதைக்கேல்லை?"

"நீ சொல்லுவாய் எண்டு பாத்துக்கொண்டிருந்தன். உன்ரை மொழியிலை அதைச் சொல்ல எத்தனை நாள் எடுக்குமெண்டு எனக்கென்ன தெரியும்?"

பிறகு சட்டைப்பையிலிருந்து ஒரு சின்னக் கொப்பியை எடுத்து என்னிடம் நீட்டினார். பரமேஸ்வரியின் விலாசத்தை எழுதிக் கொடுத்தேன்.

அதற்குப் பிறகு நாங்கள் மூன்று வருஷம் சேர்ந்து வேலை செய்தோம். நீதிமன்றக் கட்டடத்துத் தூண், ஒரு கோயில் வாசல், பெரிய வீடுகளின் படிக்கட்டு. என்னை வைத்துத்தான் அவர் அந்த வேலைகளை எடுத்தார் என்று நான் சொன்னால் அதில் பொய்யில்லை. எண்பத்தேழில் அவருக்கு முழங்கால் விட்டுவிட்டது, ஊருக்குத் திரும்பிப் போனார். ஒரு தபாலட்டை வந்தது. முன்பக்கம் அந்தப் பாலம். பின்பக்கம் ஆங்கிலத்தில் இரண்டே சொல், தண்ணீர் வேண்டாம் என்று. நான் அறையில் தனிய இருந்து சத்தமாகச் சிரித்தேன். நான் பதில் போட்டேன். அதற்குப் பிறகு ஒன்றும் வரவில்லை.

எண்பத்தெட்டுக் கடைசியில் பரமேஸ்வரியும் மகளும் வந்து சேர்ந்தார்கள். மகளுக்கு ஆறு வயது, என்னை மாமா என்று கூப்பிட்டாள். முதல் ஞாயிற்றுக்கிழமையே இரண்டு பேரையும் பஸ்ஸிலும் சப்வேயிலும் ஏற்றி அந்த வங்கிக்குக் கூட்டிக்கொண்டு போனேன். நாலு வருஷமாகக் கடிதத்தில் எழுதிய வாசல் அல்லவா. ஸ்நோ கொட்டிக்கொண்டிருந்தது. தூண்களின் தோளில் எல்லாம் வெள்ளை.

பரமேஸ்வரி புதுக் கோட்டுக்குள் கையை ஒளித்துக்கொண்டு மேலும் கீழும் பார்த்தாள்.

"இஞ்சாருங்கோ, இதிலை எது நீங்கள் கட்டினது?"

"அந்த வளைவு."

"உதோ?" என்றாள். "உது பழசெல்லோ."

நான் படியில் ஏறி, இடது பக்கம் நாலாவது இடுக்கில் பெருவிரல் நகத்தை வைத்து அழுத்தினேன். இறங்கவில்லை. தலையை நிமிர்த்தி வலது பக்கம் பார்த்தேன். பழசு என்று அவள் சொன்னதைவிடப் பெரிய புகழ் அந்த வேலைக்குக் கிடையாது. அதை விளங்கிக்கொள்ளக்கூடிய ஆள் அந்தப் பக்கத்தில் இல்லை.

"போவமே, பிள்ளைக்குக் குளிருது," என்றாள் பரமேஸ்வரி.

"ஓம்," என்று சொல்லி இறங்கி வந்தேன்.